மறுபடியும் ஒரு முன்ஜாமீன் மனு

(ஆம்பூரில் வக்கீல்களும் தோல் தொழிலைச் சார்ந்தோரும் கூடியிருந்த சபையில் நிகழ்த்திய சொற்பொழிவு)



கைது நேர்வதற்கு முன்னரே நியாயஸ்தலத்தை அணுகி, "என்னைக் கைது செய்ய நேர்ந்தால் ஜாமீனில் விடும்படி இப்போதே உத்தரவு செய்யுங்கள்" என்று கேட்கும் உரிமையைப் பற்றியும், ஒருமுறை கேட்டு இல்லையென்று சொல்லப்பட்ட பிறகும் மறுபடியும் மறுபடியும் கேட்கும் வழக்கத்தைப் பற்றியும் இன்று பேச வந்திருக்கிறேன். முன்ஜாமீன் என்பது இந்தப் பாலாற்றங்கரையில் யாருக்கும் நான் அறிமுகம் செய்துவைக்க வேண்டிய சங்கதியன்று. டீக்கடையிலும் கேட்கிறோம், மண்டியிலும் கேட்கிறோம், கல்யாண வீட்டுப் பந்தியில் பிரியாணி பரிமாறும்போதும் கேட்கிறோம்: "அவருக்கு முன்ஜாமீன் கிடைத்ததா?" "தள்ளிவிட்டார்களாம், மறுபடியும் போட்டிருக்கிறார்களாம்." மறுபடியும் போடலாமா? எத்தனை முறை போடலாம்? யாரிடம் போடலாம்? எதைச் சொல்லிப் போடலாம்? இந்தக் கேள்விகளைத்தான் உங்களோடு சேர்ந்து சற்று நிதானமாக ஆராய விரும்புகிறேன்.

முதலில் இந்த உரிமை எங்கிருந்து வந்தது என்பதைப் பார்ப்போம். 1898ஆம் வருஷத்திய பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் இப்படியொரு பிரிவு தெளிவாக எழுதப்படவில்லை; உயர்நீதிமன்றங்கள் ஆளுக்கொரு அபிப்பிராயம் கொண்டிருந்தன. முன்னர் தலைமைத் தேர்தல் கமிஷனராக இருந்த கே.வி.கே. சுந்தரம் அவர்களைத் தலைவராகக் கொண்ட சட்டக் கமிஷன், 1969இல் சமர்ப்பித்த தன் 41ஆவது அறிக்கையில், செல்வாக்குள்ளவர்கள் தங்கள் எதிரிகளை அவமானப்படுத்தவோ சில நாட்களாவது சிறையில் வைக்கவோ எண்ணிப் பொய் வழக்குகளில் சிக்கவைக்கிறார்கள் என்பதையும், ஓடிவிடுவான் என்று சந்தேகிக்க இடமில்லாத ஒரு மனிதனை முதலில் சிறைக்குள் போய்ச் சில நாட்கள் இருந்துவிட்டுப் பிறகு ஜாமீன் கேட்டுக்கொள் என்று சொல்வதில் நியாயமில்லை என்பதையும் எடுத்துக்காட்டிற்று. அதன் பயனாகத்தான் 1974 ஏப்ரல் முதல் தேதி அமலுக்கு வந்த புதிய சட்டத்தில் 438ஆவது பிரிவு இடம்பெற்றது. இப்பொழுது 2024 ஜூலை முதல் தேதியிலிருந்து அந்தச் சட்டமும் போய், பாரதிய நாகரிக சுரக்ஷா சன்ஹிதா வந்து, பிரிவின் எண் 482 ஆகியிருக்கிறது. எண் மாறினாலும் உரிமையின் உட்பொருள் பெரும்பாலும் மாறவில்லை.

ஆனால் அந்த உரிமையின் எல்லை எது? பஞ்சாபில் மந்திரியாக இருந்த குர்பக்ஷ் சிங் சிப்பியாவும் வேறு சிலரும் ஊழல் குற்றச்சாட்டுகளில் கைதாகலாம் என்று அஞ்சி முன்ஜாமீன் கேட்டபோது, அந்த மாநிலத்து உயர்நீதிமன்றம் சட்டத்தில் எழுதியிராத பல நிபந்தனைகளைத் தானே வகுத்து மனுக்களைத் தள்ளிவிட்டது. 1980இல் தலைமை நீதிபதி ஒய்.வி. சந்திரசூட் தலைமையில் ஐந்து நீதிபதிகள் கூடிய உச்சநீதிமன்ற அமர்வு, சட்டசபை தாராளமாகக் கொடுத்ததை நீதிமன்றம் சுருக்கக் கூடாது என்று தீர்ப்பளித்தது. முதல் தகவல் அறிக்கை பதிவாகியிருக்க வேண்டுமென்ற அவசியமில்லை. ஆனால் வெறும் பயம் போதாது, கைது நேரும் என்று நம்புவதற்கு நியாயமான காரணம் இருக்க வேண்டும். இன்ன வழக்கு என்று குறிப்பிடாமல் வரப்போகும் எல்லாக் குற்றச்சாட்டுக்கும் சேர்த்து ஒரு பாதுகாப்பு கேட்கலாகாது. அந்தத் தீர்ப்பின் ஒளியில்தான் நாற்பத்தைந்து வருஷமாக நடந்துவருகிறோம். 2020 ஜனவரியில் இன்னொரு ஐந்து நீதிபதி அமர்வும், முன்ஜாமீனுக்குப் பொதுவாகக் கால வரையறை விதிக்க வேண்டியதில்லை என்று சொல்லி அதே பாதையை உறுதிசெய்தது.

இனி நம் ஊருக்கு வருவோம்.

தோல் வியாபாரம் கடனில் நடக்கும் வியாபாரம். பச்சைத்தோலுக்கு உப்பிட்டு லாரியில் ஏற்றி அனுப்புகிறவர் முதல், பதனிட்டு முடித்த தோலை ஷூ கம்பெனிக்கு அனுப்புகிறவர் வரை, இன்று சரக்கு, மூன்று மாதம் கழித்துப் பணம் என்ற நம்பிக்கையில்தான் எல்லாரும் தொழில் செய்கிறார்கள். ஒரு டேனரிக்காரரை எண்ணிக்கொள்ளுங்கள். பெயரும் ஊரும் வேண்டாம். வெளிநாட்டு ஆர்டர் ரத்தாகிறது. கொடுத்த செக் பாங்கிலிருந்து திரும்புகிறது. தோல் அனுப்பியவர் கைபிசைந்து நிற்கிறார். செக் வழக்குப் போட்டால் அது ஜாமீனில் விடத்தக்க குற்றம். அதற்காக யாரும் முன்ஜாமீன் கேட்க வேண்டியதே இல்லை. ஆனால் அந்த வழக்கு முடிய வருஷக்கணக்கில் ஆகும். சிவில் கோர்ட்டுக்குப் போனால் கோர்ட் கட்டணமும் கட்ட வேண்டும், காத்திருக்கவும் வேண்டும். ஆகவே தோல் அனுப்பியவர் என்ன செய்கிறார்? மாவட்டக் குற்றப்பிரிவுக்குப் போய் ஏமாற்றுதல், அதாவது பழைய 420ஆவது பிரிவு, என்றும் நம்பிக்கை மோசடி என்றும் புகார் எழுதிக் கொடுக்கிறார். கொடுக்கல் வாங்கலில் ஏற்பட்ட தவறு மட்டும் மோசடியாகிவிடாது, ஆரம்பத்திலேயே ஏமாற்றும் எண்ணம் இருந்திருக்க வேண்டும் என்று உச்சநீதிமன்றம் எத்தனையோ முறை சொல்லியிருக்கிறது. இருந்தும் புகார் பதிவாகிறது.

பதிவானதும் ஓட்டம் தொடங்குகிறது. முதலில் செஷன்ஸ் நீதிமன்றம். அங்கே, பெருந்தொகை, விசாரணை ஆரம்ப நிலையில் இருக்கிறது என்று அரசு வக்கீல் ஆட்சேபிக்க, மனு தள்ளுபடியாகிறது. அடுத்தது சென்னை உயர்நீதிமன்றம். அதிகாலை ரயிலைப் பிடித்து ஆம்பூரிலிருந்து போகும் மகனும் மைத்துனனும் கோர்ட் ஹாலின் வாசலில் நிற்கிறார்கள். உள்ளே நூற்றுக்கணக்கான மனுக்களுக்கிடையே அவர்களுடைய மனு சில நிமிஷங்களில் வந்து போய்விடுகிறது. நீதிபதி கேஸ் கட்டைப் பார்த்துவிட்டு, "இதில் எனக்கு விருப்பமில்லை" என்று சாடை காட்டுகிறார். அனுபவமுள்ள வக்கீல் அடுத்த வாக்கியத்துக்குக் காத்திருக்கமாட்டார். "மனுவை வாபஸ் பெற அனுமதி வேண்டுகிறேன்" என்பார். கட்டின் மேல் அப்படியே எழுதிக் கையெழுத்திடுவார். வாபஸ் பெற்றதால் தள்ளுபடி என்று ஒரே வரியில் உத்தரவு முடிந்துவிடும். மாதங்கள் ஓடும்; எந்த நீதிபதி எந்த வகை வழக்கைக் கேட்பது என்ற ஏற்பாடு, அதாவது ரோஸ்டர், மாறும்; அல்லது மே மாதத்துக் கோடை விடுமுறை நீதிமன்றம் வரும். இரண்டாவது மனு தயாராகிவிடும். அதற்குள் பாக்கியில் ஒரு பகுதியைக் கொடுத்து ரசீது வாங்கியிருப்பார்கள்; அந்த ரசீதுதான் "மாறிய சூழ்நிலை."

மண்டியில் ஒரு கடையில் விலை படியவில்லையென்றால் அடுத்த கடைக்குப் போகிறோமே, அந்த வழக்கம் வியாபாரத்துக்கு அழகாக இருக்கலாம். நீதிமன்றத்துக்கு அது அழகாகுமா? இதை நான் வக்கீல்களைக் குறைகூறச் சொல்லவில்லை. தன் கட்சிக்காரனைச் சிறைக்குப் போகாமல் காப்பது வக்கீலின் கடமை. தொரப்பாடி மத்தியச் சிறையில் ஒரு ராத்திரி கழித்துவிட்டு வந்த தகப்பனின் மகளுக்கு வரன் பார்க்கும்போது ஊரார் என்ன பேசுவார்கள் என்பதை நாம் அறியாதவர்களா? அதனால்தான் மனிதர்கள் கைதுக்கு அவ்வளவு அஞ்சுகிறார்கள். தண்டனையைவிடக் கைதுக்கே அதிகம் அஞ்சுகிறார்கள்.

பணத்தகராறில் எழும் இத்தகைய மனுக்களில் நீதிமன்றங்களும் தவறியதுண்டு என்பதையும் மரியாதையோடு சொல்லியாக வேண்டும். இவ்வளவு லட்சம் டெபாசிட் கட்டினால் முன்ஜாமீன் என்று நிபந்தனை விதிக்கும் வழக்கம் நாடெங்கும் பரவியிருந்தது. 2023 ஜூலையில் டில்லியிலிருந்து வந்த ஒரு வழக்கில் நீதிபதிகள் ரவீந்திர பட், தீபாங்கர் தத்தா ஆகியோர் இதைக் கண்டித்து, ஜாமீன் விசாரணை என்பது புகார்தாரருக்குப் பணம் வசூலித்துக் கொடுக்கும் ஏற்பாடு அல்ல என்று தெளிவுபடுத்தினார்கள். கவனியுங்கள்: டெபாசிட் நிபந்தனை விதிக்கப்படுகிறது, கட்ட முடியவில்லை, உத்தரவு காலாவதியாகிறது, ஆகவே மறுபடியும் ஒரு மனு. இரண்டாவது மனுவின் விதையை முதல் உத்தரவே விதைத்துவிடுகிறது!

சரி, திரும்பத் திரும்பப் போடும் மனுவைப் பற்றி உச்சநீதிமன்றம் என்ன சொல்லியிருக்கிறது? விசேஷம் என்னவென்றால், இதைப் பற்றி அண்மையில் எழுந்த கடுமையான வாசகம் நம் தமிழ்நாட்டு வழக்கிலேயே எழுந்தது. ஒருவருக்கு முன்ஜாமீன் கொடுக்க மறுத்துக் காரணம் காட்டி உத்தரவிட்ட சென்னை உயர்நீதிமன்றத்து நீதிபதியே, பிறகு அதே நபர் போட்ட அடுத்த மனுவில், சூழ்நிலை மாறிவிட்டது என்று சொல்லி முன்ஜாமீன் அளித்தார். புகார் கொடுத்தவர் டில்லிக்குப் போனார். 2021 ஜனவரியில் நீதிபதி கான்வில்கர் தலைமையிலான அமர்வு அந்த உத்தரவை ரத்து செய்தது. அடுத்தடுத்த முன்ஜாமீன் மனுக்களை ஏற்கலாகாது, அதிலும் குற்றம் சாட்டப்பட்டவர் தலைமறைவாக இருக்கிறார், விசாரணைக்கு ஒத்துழைக்கவில்லை என்று போலீஸ் கேஸ் டைரியும் நிலை அறிக்கையும் காட்டும்போது ஏற்கவே கூடாது என்றும், காரணங்களோடு கூடிய உத்தரவால், அதுவும் அதே நீதிபதியால், ஒருமுறை நிராகரிக்கப்பட்ட பிறகு சூழ்நிலை மாறிற்று என்ற போலிக் காரணத்தைச் சொல்லி மறுபடியும் வர இயலாது என்றும் அந்த அமர்வு கூறியது.

இந்தத் தீர்ப்பைப் படித்துவிட்டு, "இரண்டாவது மனு என்பதே இனிக் கிடையாது" என்று சொல்லித் திரிகிறவர்கள் உண்டு. அப்படியா சொல்லியிருக்கிறது? நான் அப்படி வாசிக்கவில்லை. தலைமறைவாக இருக்கிறவன், காரணம் காட்டிய உத்தரவு, போலியான மாற்றம் என்ற மூன்று விஷயங்களும் அந்த வழக்கில் ஒருங்கே சேர்ந்திருந்தன. இவை இல்லாத இடத்தில் என்ன நியாயம் என்பது இன்னமும் விவாதத்துக்குரியது. கல்கத்தா உயர்நீதிமன்றம் ஒரு காலத்தில் இரண்டாவது முன்ஜாமீன் மனுவே செல்லாது என்று கதவை முற்றும் அடைத்தது. பிறகு அந்நீதிமன்றமே 2010இல், சூழ்நிலை கணிசமாக மாறியிருந்தால் வரலாம் என்று கதவைச் சற்றுத் திறந்தது. ராஜஸ்தான் உயர்நீதிமன்றத்தின் முழு அமர்வு 2005இலேயே, உண்மைகளிலோ சட்டத்திலோ முந்திய முடிவை மாற்ற வேண்டிய அளவுக்கு மாறுதல் ஏற்பட்டிருந்தால் அடுத்த மனுவைக் கேட்கலாம் என்று சொல்லியிருந்தது.

கைதான பிறகு கேட்கும் சாதாரண ஜாமீனிலும் இதே பிரச்சினை உண்டு. பீகாரின் அரசியல்வாதி பப்பு யாதவ், ஒரு சட்டமன்ற உறுப்பினரின் கொலை வழக்கில், மறுபடியும் மறுபடியும் ஜாமீன் கேட்டு உச்சநீதிமன்றம் வரை பலமுறை வந்தவர். 2005இல் அவருடைய ஜாமீனை ரத்துசெய்த உச்சநீதிமன்றம், அடுத்தடுத்து மனுப்போட உரிமை உண்டு, ஆனால் முன்பு நிராகரித்த காரணங்களை மறந்துவிட்டு அதே வாதங்களின் மேல் வேறு முடிவுக்கு வரக்கூடாது என்று வகுத்தது. அதே பப்பு யாதவ் 2013இல் பாட்னா உயர்நீதிமன்றத்தால் அந்த வழக்கிலிருந்து விடுவிக்கப்பட்டார் என்பதையும் இங்கே சொல்லிவைக்கிறேன். ஜாமீன் மனு தள்ளுபடியானால் குற்றவாளி என்று ஊர் தீர்மானித்துவிடுகிறதே, அந்தத் தீர்மானத்துக்குச் சட்டத்தில் எந்த ஆதாரமும் கிடையாது.

அப்படியானால் உண்மையான மாற்றம் எது? போலி மாற்றம் எது? இங்கேதான் நான் சற்று நிற்க விரும்புகிறேன், ஏனென்றால் இந்த மாவட்டங்களின் சரித்திரமே இதற்கு உதாரணங்களைத் தந்திருக்கிறது.

2015 ஜூன் மாதக் கடைசியில் இந்த ஆம்பூரில் நேர்ந்ததை மறந்தவர் இந்தச் சபையில் இருக்கமாட்டார்கள். போலீஸ் விசாரணைக்கு அழைத்துச் செல்லப்பட்ட ஓர் இளைஞர் பின்னர் ஆஸ்பத்திரியில் இறந்தார், ஊர் கொந்தளித்தது, வாகனங்கள் நொறுங்கின, போலீசார் பலர் காயமுற்றார்கள், ஏராளமான பேர்மீது வழக்குகள் பதிவாயின. பத்து வருஷம் கழித்து 2025 ஆகஸ்டில் திருப்பத்தூர் நீதிமன்றம் அவர்களில் 22 பேரைத் தண்டித்து, பெரும்பாலோரை விடுதலை செய்தது. இத்தகைய கூட்ட வழக்குகளில் முதல் தகவல் அறிக்கை எப்படி எழுதப்படுகிறது என்பது உங்களுக்குத் தெரியும். சில பெயர்கள் இருக்கும். அவற்றின் கீழே "மற்றும் பலர்" என்று இருக்கும். அந்த "மற்றும் பலர்" என்ற இரண்டு சொற்களுக்குள் ஊரில் யார் வேண்டுமானாலும் அடங்கலாம். கலவரம் நடந்த தெருவில் குடியிருக்கும் ஓர் இளைஞன் பயந்துகொண்டு முன்ஜாமீன் கேட்கிறான் என்று வைத்துக்கொள்ளுங்கள். "இவர் பெயர் அறிக்கையில் இல்லையே, கைது செய்யும் உத்தேசமும் இல்லையே" என்று அரசு வக்கீல் சொல்கிறார், மனு முடித்துவைக்கப்படுகிறது. மூன்று வாரம் கழித்து, வேறொருவர் கொடுத்த வாக்குமூலத்தின் பேரில் அவன் பெயர் சேர்க்கப்படுகிறது. இப்போது அவன் இரண்டாவது மனுவோடு வந்தால், "நீ முன்பே வந்துபோனவன்" என்று துரத்துவது நியாயமாகுமா? ஆகாது. ஒருநாளும் ஆகாது. முதல் மனுவின்போது இல்லாத ஆபத்து இப்போது அவன் வாசலில் வந்து நிற்கிறதல்லவா?

இன்னோர் உதாரணம். அதே 2015 ஜனவரி 31ஆம் தேதி ராணிப்பேட்டை சிப்காட்டில், தோல் கழிவுநீர்ச் சுத்திகரிப்பு நிலையத்தின் கழிவுச்சேற்றுத் தொட்டியின் சுவர் இடிந்து, அருகே உறங்கிக்கொண்டிருந்த 10 தொழிலாளர்களைக் கழிவுச்சேறு மூடிக் கொன்றது. தோல் தொழில் நடக்கும் ஊர்களில் இத்தகைய துயரங்களும், தொட்டியில் இறங்கி விஷவாயுவில் மாண்ட சம்பவங்களும் புதியவை அல்ல. இத்தகைய விபத்தில் எந்தப் பிரிவில் வழக்குப் பதிவாகிறது என்பதைப் பொறுத்துத்தான் எல்லாம் இருக்கிறது. அஜாக்கிரதையால் விளைந்த மரணம் என்று பழைய 304ஏ பிரிவில் பதிந்தால் அது ஜாமீனில் விடத்தக்கது. முதலாளிக்கு முன்ஜாமீனே தேவையில்லை. கொலைக்குச் சமமல்லாத மரணம் விளைவித்தல் என்று 304இன் இரண்டாம் பாகத்துக்கு மாற்றினால் ஜாமீனில் விடத்தக்கதன்று. இறந்தவர் தாழ்த்தப்பட்ட சமூகத்தைச் சேர்ந்தவராயிருந்து, வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் பிரிவுகளும் சேர்ந்தால், அந்தச் சட்டத்தின் 18ஆவது பிரிவு முன்ஜாமீனுக்கே குறுக்கே நிற்கிறது. முதல் பார்வையிலேயே குற்றம் புலப்படாத வழக்குகள் மட்டும் அதற்கு விலக்கு. விசாரணையின் நடுவே போலீசார் பிரிவை மாற்றினால், அதுவும் உண்மையான மாற்றந்தான். அது குற்றம் சாட்டப்பட்டவருக்குச் சாதகமாகவும் இருக்கலாம், பாதகமாகவும் இருக்கலாம். இரண்டிலும் நீதிமன்றம் மறுபடியும் யோசிக்கக் கடமைப்பட்டிருக்கிறது.

மூன்றாவது ஒன்று உண்டு. அது சில்லறை விஷயம்போலத் தோன்றும், ஆனால் இந்த ஊர்ப் பாமரரைத்தான் அதிகம் பாதிக்கிறது. நம் உயர்நீதிமன்றம் முன்ஜாமீன் வழங்கும்போது வழக்கமாக எழுதும் நிபந்தனைகளை நீங்கள் பார்த்திருப்பீர்கள்: உத்தரவு கிடைத்த 15 நாட்களுக்குள் மாஜிஸ்திரேட் முன் சரணடைந்து, பத்தாயிரம் ரூபாய்க்குப் பிணைப்பத்திரமும் அதே தொகைக்கு இரண்டு ஜாமீன்தாரர்களும் கொடுக்க வேண்டும், ஜாமீன்தாரர் தங்கள் போட்டோவும் இடதுகைப் பெருவிரல் ரேகையும் ஒட்டி, ஆதாரோ பாங்க் பாஸ்புக்கோ காட்ட வேண்டும், அதன் பிறகு மனுதாரர் தினமும் காலை 10.30 மணிக்குப் போலீஸ் ஸ்டேஷனில் கையெழுத்திட வேண்டும். 15 நாளில் செய்யாவிட்டால் முன்ஜாமீன் தானாகவே தள்ளுபடியாகிவிடும் என்றும் எழுதியிருக்கும். ஷூ கம்பெனியில் தையல் மெஷினில் உட்கார்ந்திருக்கும் ஒரு பெண்ணுக்கு, குடும்பச் சண்டையில் அண்ணி கொடுத்த புகாரில் இப்படி ஓர் உத்தரவு கிடைத்தால், இரண்டு ஜாமீன்தாரர்களைத் தேடுவதற்குள் கெடு போய்விடுகிறது; கண்டிஷன் கையெழுத்துக்காக ஸ்டேஷன் பெஞ்சில் காத்திருப்பதற்குள் பாதி நாள் கூலி போய்விடுகிறது. அவள் மறுபடியும் சென்னைக்கு மனுப்போட வேண்டியிருக்கிறது. இந்த மறுமனுவையும், தலைமறைவாக இருந்துகொண்டு ரோஸ்டர் மாறக் காத்திருக்கும் கோடீஸ்வரனின் மறுமனுவையும் ஒரே தராசில் நிறுக்கலாமா? அதனால்தான் எண்ணிக்கையை வைத்துத் தீர்ப்புச் சொல்லாதீர்கள் என்கிறேன். இரண்டாவதா, மூன்றாவதா என்பதல்ல குற்றம். முந்திய மனுவை மறைப்பதுதான் குற்றம்.

மறைப்பதைத் தடுக்க வழி இருக்கிறதா? இருக்கிறது. 1987இலேயே உச்சநீதிமன்றம், ஒரு வழக்கில் அடுத்தடுத்து வரும் ஜாமீன் மனுக்கள், முன்பு கேட்ட அதே நீதிபதியின் முன்புதான் வைக்கப்பட வேண்டும் என்று சொன்னது. ரோஸ்டர் மாறும் நீதிமன்றங்களில் இதை எப்படி அனுஷ்டிப்பது என்பதில் சங்கடங்கள் இருந்தன. அதனால் பிற்காலத் தீர்ப்புகளில் சில தளர்வுகளும் வந்தன. ஆனால் 2024 ஜனவரியில், ஒடிசாவிலிருந்து வந்த ஒரு வழக்கில், உயர்நீதிமன்றத்திலும் உச்சநீதிமன்றத்திலும் ஏககாலத்தில் மனு நிலுவையில் இருந்ததைக் கண்டு வருந்திய நீதிபதிகள் விக்ரம் நாத்தும் ராஜேஷ் பிந்தலும், இனிமேல் ஒவ்வொரு ஜாமீன் மனுவிலும் முன்பு போட்ட மனுக்களின் விவரமும் அவற்றின்மேல் பிறந்த உத்தரவுகளின் நகல்களும் இணைக்கப்பட வேண்டும், மற்ற நீதிமன்றங்களில் நிலுவையில் இருப்பதையும் சொல்ல வேண்டும், இது எத்தனையாவது மனு என்பது மனுவின் தலைப்பிலேயே தெரிய வேண்டும் என்று அறிவுறுத்தினார்கள். இதைவிடத் தெளிவான மருந்து வேறு என்ன வேண்டும்?

ஆனாலும் ஓர் ஓட்டை மிஞ்சுகிறது. முன்பு சொன்ன 2021 தீர்ப்பை மறுபடியும் நினைவுகூருங்கள். காரணங்களோடு கூடிய உத்தரவால் நிராகரிக்கப்பட்டால் என்றல்லவா அது பேசுகிறது? வாபஸ் பெற்றதால் தள்ளுபடி என்ற ஒரு வரி உத்தரவில் காரணம் எங்கே இருக்கிறது? நீதிபதி என்ன நினைத்தார், எதைக் கேட்டார், எந்தக் காகிதத்தைப் பார்த்து முகம் சுளித்தார் என்பதற்கெல்லாம் அந்த ஒரு வரியில் சாட்சியம் ஏது? அடுத்த நீதிபதி இருட்டில் கைதுழாவுகிறார். என் சொந்த அபிப்பிராயத்தைக் கேட்டால், இரண்டாவது மனுவை அடக்குவதற்குப் புதிய சட்டம் ஒன்றும் தேவையில்லை. வாபஸ் அனுமதிக்கும்போது நீதிபதி ஒரு பாராவாவது எழுதிவைத்தால் போதும். இன்ன தொகை, இன்ன குற்றச்சாட்டு, இன்ன காரணத்தால் மனுவை ஏற்க மனமில்லாதபோது வக்கீல் வாபஸ் கேட்டார் என்று எழுதினால், நேர்மையான மனுதாரருக்கு நஷ்டமில்லை. நேர்மையற்றவருக்கு ஓட இடமில்லை. இப்படி எழுதுவது வேலைப்பளுவைக் கூட்டும் என்பார்கள். கூட்டத்தான் கூட்டும். ஆனால் அந்த ஒரு பாரா இல்லாமையால் வரும் இரண்டாவது, மூன்றாவது மனுக்களைக் கேட்கும் பளு அதைவிடக் குறைவா?

இன்னொரு பக்கம், "இந்த முன்ஜாமீனே வேண்டாம், எடுத்துவிடுங்கள்" என்று சொல்கிறவர்களும் உண்டு. அவர்களுக்கு உத்தரப் பிரதேசத்தின் கதையைச் சொல்கிறேன். நெருக்கடி நிலையின்போது, 1976இல், அந்த மாநிலம் முன்ஜாமீன் பிரிவையே எடுத்துவிட்டது. அதன் பலன் என்ன? மக்கள் கைதுக்கு அஞ்சாமல் ஆகிவிட்டார்களா? இல்லை. அரசியல் சாசனத்தின் 226ஆவது பிரிவின் கீழ், கைதை நிறுத்திவைக்கக் கோரும் ரிட் மனுக்களாக அதே பயம் உயர்நீதிமன்றத்துக்கு வந்துசேர்ந்தது. கடைசியில் 2019இல் பிரிவைத் திரும்பக் கொண்டுவந்தார்கள்.

கைது என்ற பயம் குறைந்தால் மனுவும் குறையும். ஏழு வருஷம் வரை தண்டனையுள்ள குற்றங்களில் அவசியமில்லாமல் கைது செய்யக் கூடாது, முதலில் நோட்டீஸ் கொடுத்து அழைத்து விசாரிக்க வேண்டும் என்று உச்சநீதிமன்றம் 2014இல் அர்னேஷ் குமார் வழக்கில் தீர்ப்பளித்தது. பழைய 420ஆவது பிரிவின் உச்ச தண்டனை ஏழு வருஷந்தான். ஆகவே நான் முன்பு சொன்ன டேனரிக்காரரின் வழக்கிலும் முதலில் வரவேண்டியது நோட்டீஸ்தான். அந்த நோட்டீஸ் ஒழுங்காக வரும், அதற்குப் போனால் உட்காரவைத்துக் கைது செய்துவிடமாட்டார்கள் என்ற நம்பிக்கை ஆம்பூரிலும் குடியாத்தத்திலும் பேர்ணாம்பட்டிலும் பிறந்தால், சென்னைக்குப் போகும் ரயிலில் கேஸ் கட்டுகள் பாதியாகக் குறையும் என்பது என் எண்ணம். வெள்ளிக்கிழமை சாயங்காலம் பார்த்துக் கைது செய்தால் திங்கட்கிழமை வரை ஜாமீன் கேட்க வழியில்லை என்று கணக்குப் போடும் புகார்தாரர் இருக்கும் வரையில், அந்த நம்பிக்கை பிறப்பது கஷ்டந்தான்.

இளம் வக்கீல்களுக்கு ஒரு வார்த்தை. மறுமனுப் போடுவது அவமானமன்று, போடுங்கள். ஆனால் முதல் பக்கத்திலேயே எழுதுங்கள்: முன்பு இன்ன தேதியில் இன்ன எண்ணில் மனுப்போட்டோம், இன்ன நீதிபதி கேட்டார், இன்னவாறு முடிந்தது, அதற்குப் பிறகு இன்ன தேதியில் இன்னது நேர்ந்தது என்று. நேர்ந்தது என்ற இடத்தில் எழுத உங்களிடம் ஒன்றுமில்லையென்றால் கட்சிக்காரரிடம் அதை உள்ளபடி சொல்லிவிடுங்கள். மனு நிலுவையில் இருந்தால் போலீஸ் தொடமாட்டார்கள் என்று அவர் நம்பிக்கொண்டிருப்பார். நீதிமன்றம் இடைக்காலப் பாதுகாப்பு கொடுக்காதவரையில் நிலுவை மட்டும் ஒரு தடையாகாது என்பதையும் விளக்குங்கள்.

கடைசியாக, இங்கே பின்வரிசையில் அமர்ந்திருக்கும் தொழிலாளத் தாய்மார்களுக்கும் சகோதரர்களுக்கும். இதுவரை நான் பேசியதெல்லாம் இரண்டாவது மனுவையும் மூன்றாவது மனுவையும் பற்றி; முதல் மனுவுக்கே பணமில்லாதவர்களைப் பற்றி இன்னும் பேசவில்லை. 1987ஆம் வருஷத்திய சட்டப்பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 12ஆவது பிரிவு இலவச சட்ட உதவிக்கு உரியவர்கள் யார் என்று சொல்கிறது: பெண்கள், குழந்தைகள், தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர், காவலில் இருப்பவர்கள் ஆகியோரோடு தொழிற்சாலைத் தொழிலாளர்களையும் அது பெயர் சொல்லிச் சேர்த்திருக்கிறது. ஷூ கம்பெனியில் வேலை செய்யும் பெண்ணுக்கு இரட்டை உரிமை. பெண் என்பதாலும் உண்டு, தொழிலாளி என்பதாலும் உண்டு. இந்தப் பிரிவினருக்கு வருமானச் சான்று கூடக் கட்டாயமில்லை. கைதுக்கு முந்திய கட்டத்திலேயே சட்ட உதவி கிடைக்க வேண்டும் என்று தேசிய சட்டப்பணிகள் ஆணைக்குழு 2019இல் ஒரு திட்டமும் வகுத்திருக்கிறது. நாளைக்கு உங்கள் வீட்டுக்கு ஸ்டேஷனிலிருந்து யாராவது வந்து கூப்பிட்டால், புரோக்கரைத் தேடாதீர்கள். கம்மலைக் கழற்றி அடகுக்கடைக்கு ஓடாதீர்கள். கோர்ட் வளாகத்தில் இருக்கும் சட்டப்பணிகள் ஆணைக்குழு அலுவலகத்துக்குப் போய், வந்த நோட்டீசையும் ஆதார் அட்டையையும் காட்டி, எனக்கு வக்கீல் வேண்டும் என்று கேளுங்கள். எழுதத் தெரியாவிட்டாலும் சொன்னால் போதும். அங்கே இருப்பவர்கள் எழுதிக்கொள்வார்கள்.